நான்காவது டேக்

நவம்பர் 28, வியாழன்

மழை. மாதம் முடியப்போகிறது, உப்சாலாவில் இன்னும் ஒரு பொட்டுப் பனி இல்லை. என் திரையில் மட்டும் யெம்ட்லாண்டு மலைப்பனி இடுப்பளவு கிடக்கிறது. பகலெல்லாம் அதற்குள் இருந்துவிட்டு, நனைந்த குடையோடு ரயிலேறி வீட்டுக்கு வருகிறேன்.

குழந்தைகள் தொடரின் இருபத்து மூன்றாம் பகுதி இன்று சேனலுக்குப் போய்விட்டது. பாக்கி ஒன்று. ஏப்ரலில் தொடங்கிய வேலை. எனக்கே நம்ப முடியவில்லை.

மாலை டோர்கெல் எடிட்டிங் அறைக்குக் குங்குமப்பூ பன்னோடு வந்தான். "எல்லா டைரக்டரும் எடிட்டரைத் திட்டுவான். நான் ஒருத்தன்தான் பன்னு வாங்கியாரேன். நல்லா எழுதி வெச்சுக்க." இதோ எழுதிவிட்டேன். பத்தொன்பது வருடமாக இவன் படங்களை நான்தான் வெட்டுகிறேன். என் கல்யாணத்தில் பாடியவன். மோசமாகப் பாடினான் என்று என் கணவர் ஸ்டஃபான் இன்னும் சொல்வார்.

டிசம்பர் 1, ஞாயிறு

கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாலு ஞாயிறில் இது முதலாவது; முதல் மெழுகுவத்தி ஏற்றினோம். முதல் பகுதி ஓடியது.

நான் எத்தனையோ தடவை பார்த்ததுதான். ஆனாலும் எழுத்து ஓடத் தொடங்கியதும் டிவிக்குக் கிட்டே நகர்ந்து உட்கார்ந்தேன். 'பனி நிலையம்'. ரயில் நிற்காமல் போகும் ஒரு மலை நிலையம். லோவா என்ற சிறுமி தினமும் விளக்கு மாட்டிவைக்கிறாள், அம்மா வரும் ரயில் அதைப் பார்த்து நிற்கும் என்று. அவ்வளவுதான் கதை. கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள்வரை தினம் ஒரு பகுதி, காலையில் இணையத்தில், மாலையில் டிவியில்; இருபத்து நான்கு நாள் இதை இழுக்க வேண்டும். இழுத்திருக்கிறோம்.

லோவாவாக நடிப்பது இல்வா. ஒன்பது வயது. எஸ்டர்சுண்டுக்காரி. அம்மா பஸ் ஓட்டுகிறாள்.

ஸ்டஃபான் சோபாவில் நிமிர்ந்து உட்கார்ந்து, "இந்தப் பொண்ணு நடிக்கவே இல்ல மரீக்கா, சும்மா இருக்கா. அதான் நல்லாருக்கு" என்றார். மூன்றாம் வகுப்பு வாத்தியார் சொன்னால் அது சான்றிதழ்.

டிசம்பர் 3, செவ்வாய்

இரண்டு பத்திரிகைகள் தலையில் தூக்கிவைத்திருக்கின்றன. ஒன்றில் எடிட்டர் பெயரைக்கூடப் போட்டிருக்கிறார்கள். தப்பாக.

டிசம்பர் 7, சனி

கடைசிப் பகுதியும் முடிந்தது. இருபத்து நாலில் ரயில் நிற்கிறது, அம்மா இறங்குகிறாள். அதற்குச் சற்று முன்னால், பதின்மூன்றாம் பகுதியில் வரும் அழுகையை இருபது விநாடி நினைவாகப் போட்டிருக்கிறேன். டோர்கெலின் விருப்பம். "அந்தக் கண்ணீரை ரெண்டு தடவை காட்டாம விட்டா நாம முட்டாள்" என்றான்.

அது நிஜமாகவே அபூர்வமான ஷாட். டிசம்பர் 13, லூசியா என்ற ஒளித் திருநாளின் விடியற்காலை; தலையில் மெழுகுவத்திக் கிரீடம், வெள்ளை அங்கி. லோவா நடைமேடையில் நிற்கிறாள். ரயில் நிற்காமல் போகிறது. அவள் முகம் மெல்ல உடைகிறது. இரண்டரை நிமிடம், ஒரு வெட்டு இல்லை. நான்காவது டேக். முதல் மூன்றிலும் அவள் அழவில்லை. நான்காவதில் எங்கிருந்தோ வந்துவிட்டது.

டிசம்பர் 13, வெள்ளி

இன்று ஓடியது.

போன் சும்மா இருக்கவில்லை. ஒளிப்பதிவாளர், ஒலிக்காரர் ஹோக்கன், சேனலில் தயாரிப்பைப் பார்க்கும் பெர்னில்லா — எல்லாருக்கும் மூக்கடைத்த குரல். காலை ரயிலில் எனக்கு எதிரே ஒரு பெரிய மனிதர், போனில் அதைப் பார்த்துக்கொண்டே வந்தவர், கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எழுந்துபோய் 'நான்தான் வெட்டினேன்' என்று சொல்லலாமா என்று ஒரு நொடி ஆசை.

டோர்கெல் அழைத்தான். "சாதிச்சுட்டோம்டி மரீக்கா! நாடே மூக்கைச் சிந்துது!"

பள்ளிக்கூடத்தில் லூசியா ஊர்வலம் முடிந்தபின் ஸ்டஃபான் வகுப்பில் போட்டுக் காட்டினாராம். அவர் சொன்னதுதான் கொஞ்சம் எரிச்சல். "எல்லாரும் கப்சிப்புனு பார்த்தாங்க. கடைசியில ஒரு பிள்ளை கையைத் தூக்கி, 'சார், அவளை யாரு என்ன பண்ணாங்க?'ன்னு கேட்டுது. நான் சொன்னேன், ரயில் நிக்கலைல்ல, அதான். அது சொல்லுது, 'இல்ல, லோவா இல்ல, அந்த நிஜப் பொண்ணு.'"

"நல்ல நடிப்புன்னா அப்படித்தான் தோணும்" என்றேன்.

"நானும் அதான் சொன்னேன்" என்றார்.

டிசம்பர் 14, சனி

எழுதக் கை வரவில்லை. இருந்தாலும் எழுதுகிறேன்.

பகல் பதினொன்றரைக்கு ஷனெட் அழைத்தாள். இல்வாவின் அம்மா. செப்டம்பரில் டப்பிங்குக்கு மகளைக் கூட்டி வந்தபோது என் எண்ணைக் கொடுத்திருந்தேன். வாழ்த்துச் சொல்லத்தான் அழைக்கிறாள் என்று நினைத்து, நானே முந்திக்கொண்டு, "பார்த்தீங்களா, நாடே உங்க பொண்ணைப் பத்தித்தான் பேசுது" என்றேன். அட கடவுளே.

அவள் நன்றி என்று மட்டும் சொன்னாள். அப்புறம், "நேத்து ராத்திரி டியூட்டி இல்ல, சேர்ந்து உக்காந்து பார்த்தோம். அந்தச் சீன் வந்ததும் இல்வா மேசைக்கடியில போய்ட்டா. ஏன்டான்னு கேட்டேன். 'அம்மா, இது நீ செத்துப்போயிருந்தப்ப எடுத்தது'ன்னு சொல்றா."

எனக்குப் புரியவில்லை. "என்னது?" என்றேன்.

"எனக்கும் அதேதான். என்னதுன்னேன். என் பஸ்ஸு ரோட்டைவிட்டுச் சறுக்கிடுச்சுன்னு அவகிட்ட சொன்னாங்களாம். நான் உயிரோட இருக்கேனா இல்லையான்னு தெரியலன்னு சொன்னாங்களாம். அழுது முடிச்சப்புறம், சும்மா சொன்னோம்னு சொன்னாங்களாம். யாருன்னு கேட்டேன். டோர்கெல்."

மார்ச்சிலிருந்து இல்வா ஜன்னலை விட்டு நகர்வதில்லையாம். அம்மா வேலைக்குப் போனால் திரும்பும்வரை நிற்பாளாம். தோழி வீட்டுக்குப் படுக்கப் போவதில்லை. ஷனெட் அவளைப் பள்ளிக்கூட டாக்டரிடம்கூடக் காட்டியிருக்கிறாள். படப்பிடிப்பு அலுப்பு என்றார்களாம்.

டோர்கெலை அழைத்துக் கேட்டிருக்கிறாள். 'பிள்ளைங்க கற்பனை பண்ணும், அதுவும் கெட்டிக்காரப் பிள்ளைங்க இன்னும் ஜாஸ்தி. யாரை வேணா கேட்டுப் பாருங்க' என்றானாம்.

"அதான் உங்களைக் கேக்குறேன்" என்றாள். "எடுத்தது எல்லாத்தையும் பார்த்தவங்க நீங்க. என் பொண்ணு பொய் சொல்றாளா?"

தெரியாது என்றேன். பார்க்கிறேன் என்றேன்.

டோர்கெல் அப்படிச் செய்யமாட்டான். மாட்டான். பிள்ளைகளோடு தரையில் படுத்து விளையாடுகிற ஆள்.

ஆனால் ஒன்று. வழக்கமாக ஷாட் தொடங்கும்போது அடிக்கும் கிளாப் பலகையை நான்காவது டேக்குக்குக் கடைசியில்தான் அடித்திருந்தார்கள். தலைகீழாகப் பிடித்து. அடித்தால் குழந்தை கலைந்துபோவாள் என்று டோர்கெல் சொன்னானாம். அப்படியென்றால் கேமரா முன்னாடியே ஓடியிருக்கிறது. ஒலியும்.

டிசம்பர் 15, ஞாயிறு

இருக்கிறது.

எல்லாம் இருக்கிறது.

காலையிலேயே ஸ்டாக்ஹோம் போய், ஆளில்லாத கட்டடத்தில் கதவைத் திறந்து, நான்காவது டேக்கின் முழு ஒலியைப் போட்டேன். வெள்ளை அங்கிக்குள் தைத்திருந்த சின்ன மைக். துணி உரசல், பனியில் காலடி, இல்வா மூக்கை உறிஞ்சும் சத்தம். அப்புறம் டோர்கெல், கிட்டத்தில், கிசுகிசுப்பாக. தாலாட்டுகிற மாதிரி குரல்.

"இல்வா, கண்ணு, ஒரு விஷயம். போன் வந்துச்சு. அம்மாவோட பஸ் ரோட்டைவிட்டு எறங்கிடுச்சாம். அம்மா எப்படி இருக்காங்கன்னு இன்னும் தெரியல."

ஒன்றுமில்லை. காற்று. பிறகு அவள் கேட்கிறாள்: "பெரிய பஸ்ஸா? சின்ன பஸ்ஸா?"

"தெரியலம்மா."

"நான் வீட்டுக்குப் போறேன்."

"போலாம். இதோ ரயில் வந்துட்டிருக்கு, இந்த ஒரு ஷாட் முடிஞ்சதும் போன் பண்ணிரலாம். அம்மாவுக்காகப் பண்ணு."

ரயில் வருகிறது. அதற்கப்புறம் நாடு பார்த்த அந்த இரண்டரை நிமிடம். பிறகு கிளாப். கைதட்டல்! யாரோ சீட்டி அடிக்கிறார்கள். மறுபடி டோர்கெல்: "எல்லாம் சும்மா! அம்மா ஜம்முனு இருக்காங்க. பெரிய நடிகைங்களுக்கு இப்படித்தான் சொல்லித் தருவாங்க. இது நம்ம ரெண்டு பேருக்குள்ள, சரியா?"

"சரி."

அந்த 'சரி'யைப் பதினோரு தடவை கேட்டிருப்பேன்.

இன்னொன்றையும் எழுதியாக வேண்டும். எழுதாவிட்டால் இந்த நோட்டு எதற்கு.

அந்த ஒலிக்கோட்டின் மேல், டோர்கெல் பேசி முடிக்கும் இடத்தில், ஒரு மஞ்சள் குறி. என் குறி. நான் மட்டும்தான் மஞ்சள் போடுவேன். 'முன்னால் பேச்சு — வெட்டு.' ஏப்ரல் 9.

எனக்கு நினைவில்லை. சத்தியமாக நினைவில்லை. ஆனால் பேச்சு எங்கே முடிகிறது என்று துல்லியமாகத் தெரிந்த ஒருத்திதான் அங்கே குறி போட முடியும். அப்படியென்றால் கேட்டிருக்கேன். என் காதால கேட்டிருக்கேன். கேட்டுட்டு, குறி போட்டுட்டு, காபி குடிக்கப் போயிருக்கேன்.

யாரு நான்?

டிசம்பர் 16, திங்கள்

டோர்கெலின் வீட்டுக்குப் போனேன். சமையலறையில் இஞ்சி பிஸ்கட் மாவு தேய்த்துக்கொண்டிருந்தான். முழங்கைவரை மாவு. "வாடி, வந்து கை போடு" என்றான்.

கேட்டேன். மறுப்பான் என்று நினைத்தேன். மறுக்கவே இல்லை. கையை மட்டும் நிறுத்தினான்.

"நாலு நிமிஷம் மரீக்கா. நாலே நிமிஷம் அந்தப் பொண்ணு கஷ்டப்பட்டா. அவ அம்மா நல்லாத்தானே இருக்கா? யாருக்கு என்ன ஆச்சு?"

"ஒன்பது மாசமா ஜன்னல்ல நிக்குறா."

"அதுக்கு நான் மட்டுமா காரணம்? சூடா சாக்லேட் வாங்கியாரச் சொல்லி அவளைப் பார்த்துக்குற பொண்ணை அனுப்பினேன், போனா. ஹோக்கன் காதுல ஹெட்போன் இருந்துச்சு. கேட்டான். வாயைத் திறந்தானா? அப்புறம் நீ." மாவுக் கையோடு என்னைக் காட்டினான். "ஏப்ரல்ல நீ எங்கிட்ட வந்து என்ன கேட்டே? ஞாபகம் இருக்கா? 'இதை அவகிட்டருந்து எப்படிடா எடுத்தே?'ன்னு கேட்டே. 'கேக்காதே'ன்னேன். சிரிச்சே."

ஞாபகம் வந்தது. காபி மெஷின் பக்கத்தில். நான் அவன் தோளில் தட்டினேன். சிரித்தேன்.

"சிரிச்சேல்ல?" என்றான்.

அங்கிருந்து எப்படி நிலையத்துக்கு வந்தேன் என்று தெரியவில்லை. தலைக்குட்டையை அவன் வீட்டிலேயே விட்டுவிட்டேன். ரயிலில் பக்கத்தில் இருந்த பெண் 'உடம்பு சரியில்லையா' என்று கேட்டாள்.

டிசம்பர் 17, செவ்வாய்

ஸ்டஃபானிடம் சொன்னேன். ஒலிப்பதிவில் இருந்ததை. மஞ்சள் குறியைச் சொல்லவில்லை.

உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தார். கத்தியைக் கீழே வைத்தார். "அந்தப் பிள்ளை சரியாத்தான் கேட்டுது. அதுகிட்ட நான் ரயில் நிக்கலைன்னு பதில் சொன்னேன்" என்றார்.

சாப்பிடவில்லை இருவரும்.

டிசம்பர் 18, புதன்

பெர்னில்லாவிடம் போட்டுக் காட்டினேன். 'பெரிய பஸ்ஸா, சின்ன பஸ்ஸா' வந்ததும் அவள் ஹெட்போனைக் கழற்றிவிட்டாள். அவளுக்கும் ஏழு வயதில் மகன். ஆகவே உடனே ஏதாவது செய்வாள் என்று நம்பினேன்.

தண்ணீர் குடித்தாள். பிறகு, "இன்னும் ஆறு நாள் இருக்கு. ஆறு நாள் மட்டும் பொறு" என்றாள்.

"எதுக்கு?"

"நாட்டுல இருக்கிற அத்தனை குழந்தைங்களோட கிறிஸ்துமஸையும் இப்ப கெடுக்கணுமா? ஜனவரியில ஒழுங்கா விசாரிப்போம். நான் வாக்குத் தரேன்."

"இருபத்து நாலுல அந்த ஷாட் மறுபடி வருது பெர்னில்லா."

"தெரியும்." ஜன்னலைப் பார்த்தாள். "அந்த ஒலியை யாருக்கும் பிரதி எடுத்துக் குடுத்துராதே. நம்மோட சொத்து அது. நீ கையெழுத்துப் போட்டிருக்கே."

அவள் கெட்டவள் இல்லை. அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. இந்தக் கதையில் கெட்டவர் யாருமே இல்லை போலிருக்கிறது. எல்லாரும் நல்லவர்கள். நான் உட்பட. எல்லாரும் சேர்ந்து ஒரு குழந்தையின் அம்மாவைக் கொன்று காட்டியிருக்கிறோம்.

டிசம்பர் 19, வியாழன்

பிரதி எடுத்தேன். நாளைக் காலை எஸ்டர்சுண்டு ரயில்.

டிசம்பர் 20, வெள்ளி

வடக்கே போகப் போகத்தான் பனி. போல்னெஸ் தாண்டியதும் காடெல்லாம் வெள்ளை.

ஷனெட் பஸ் டிப்போ வாசலில் நின்றாள். வேலைச் சட்டை, மேலே மஞ்சள் ஜாக்கெட். குள்ளம். கை மட்டும் பெரியது. நிறுத்தியிருந்த காலிப் பஸ் ஒன்றில் ஏறி, முன் இருக்கையில் உட்கார்ந்து என் கணினியில் கேட்டாள். நான் அவள் முகத்தைப் பார்க்காமல் வைப்பரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவள் அழவில்லை. முடிந்ததும் எழுந்து, ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். "அன்னிக்கு நான் ஓட்டினது பெரிய பஸ்ஸு" என்றாள். "அன்னிக்கு வெயில் அடிச்சுது. ரோட்டுல பனியே இல்ல."

அப்புறம் அவர்கள் வீட்டுக்குப் போனோம். இல்வா பள்ளிக்கூட விடுமுறை தொடங்கிய குஷியில் இல்லை. ஜன்னலோரம் நின்று கையசைத்தாள். திரையில் பார்த்ததைவிடச் சின்னப் பெண். முன்பல் ஒன்று புதிதாக முளைத்து, மற்றதைவிடப் பெரிதாக இருந்தது.

அம்மா அவளை மடியில் இழுத்துக்கொண்டாள். "மரீக்கா அதைக் கண்டுபிடிச்சுட்டாங்கடா. அவன் பேசினதை."

இல்வா என்னை நேராகப் பார்த்தாள். "நீங்க கேட்டீங்களா?"

"கேட்டேன்."

"முழுசாவா?"

"முழுசா."

"அப்ப நான் பொய் சொல்லல" என்றாள். அம்மாவைத் திரும்பிப் பார்த்து மறுபடி, இந்தத் தடவை கொஞ்சம் கோபமாக: "பாத்தியா? நான் சொன்னேன்ல!"

"சொன்னே தங்கம். சொன்னே."

பிறகு இல்வா கேட்டாள், "அது மறுபடி வருமா?" கடைசிப் பகுதியில் வரும் என்றேன். "வேணாம். அது லோவா இல்ல. அது நான். என்னை ஏன் எல்லாரும் பாக்கணும்?"

கிளம்பும்போது வாசலில் ஷனெட் என்னைக் கட்டிப்பிடித்தாள். "நீங்க ஒருத்தர்தான் மனுஷி" என்றாள். "வேற யாரா இருந்தாலும் எனக்கென்னன்னு இருந்திருப்பாங்க."

அப்போது சொல்லியிருக்க வேண்டும். வாய்வரை வந்தது. சொல்லவில்லை. அந்தப் பெரிய கைகள் முதுகில் இருந்தன. அப்படியே நின்றேன்.

டிசம்பர் 21, சனி

ஷனெட் பெர்னில்லாவை அழைத்துவிட்டாள். என்ன பேசினாள் என்று தெரியாது. ஒன்பது மணிக்கு பெர்னில்லாவின் அழைப்பு: "அந்த இருபது விநாடியை எடுத்துடு. எதையாச்சும் போடு. சத்தமில்லாம பண்ணு." பிரதியைப் பற்றிக் கேட்கவில்லை. அவளுக்குத் தெரிந்துவிட்டது, கேட்டால் நான் உண்மையைச் சொல்லிவிடுவேன் என்றும் தெரிந்திருக்கும்.

முதல் மூன்று டேக்கையும் எடுத்துப் பார்த்தேன். இந்தத் தடவை ஆரம்பத்திலிருந்து, ஹெட்போனோடு. இரண்டாவதில் டோர்கெலின் குரல்: "கட்டை மாதிரி நிக்காதடா இல்வா, ஏதாச்சும் உணர்ச்சியைக் காட்டு!" ரயில் போகிறது. அவள் அழவில்லை. கையைத் தூக்கி ஒவ்வொரு பெட்டிக்கும் ஆட்டுகிறாள், கடைசிப் பெட்டிவரை. அப்புறம் கிரீடம் அரிக்கிறது போல, நெற்றியைச் சொறிந்துகொள்கிறாள்.

ஏப்ரலில் இதற்கு நான் போட்டிருந்த குறிப்பு: 'ஒன்றுமில்லை.'

அதைத்தான் போட்டேன்.

டிசம்பர் 23, திங்கள்

ஷனெட் போலீசில் புகார் கொடுத்துவிட்டாள். நான் எஸ்டர்சுண்டில் தந்த ஒலிப் பிரதியையும்.

டோர்கெலிடமிருந்து ஒரே ஒரு குறுஞ்செய்தி. 'பத்தொன்பது வருஷம், மரீக்கா.' பதில் எழுதத் தொடங்கி அழித்தேன். மறுபடி தொடங்கி அழித்தேன். இவன் இல்லாமல் எனக்கு வேலை என்று எதுவும் இருந்ததில்லை. இவனை எனக்குப் பிடிக்கும். இன்றைக்கும் பிடிக்கிறது. இது என்ன கேடு?

டிசம்பர் 24, செவ்வாய்

கடைசிப் பகுதி ஓடியது. ரயில் நின்றது. அம்மா இறங்கினாள்.

அந்த இருபது விநாடி மாறியதை யாரும் கவனிக்கவில்லை. ஸ்டஃபான் மட்டும் என் கையைப் பிடித்துக்கொண்டார். கிறிஸ்துமஸ் ஹாம் இறைச்சி சாப்பிட்டோம்.

டிசம்பர் 28, சனி

பத்திரிகையில் வந்துவிட்டது. முதல் பக்கம். டோர்கெலின் படம், சிரித்த முகம். இல்வாவின் பெயர் இல்லை. ஆனால் எல்லாருக்கும் தெரியும்.

என் படமும் இருக்கிறது. எங்கிருந்து எடுத்தார்களோ. 'மௌனத்தை உடைத்த எடிட்டர்'. இந்த முறை பெயரைச் சரியாகப் போட்டிருக்கிறார்கள்.

சேனல் பதின்மூன்றாம் பகுதியை இணையத்திலிருந்து எடுத்துவிட்டது. ஹோக்கன் அழைத்தான், குடித்திருந்தான். "எனக்கில்லாத தைரியம் உனக்கு இருந்துச்சு" என்றான். நான் போனை வைத்துவிட்டேன்.

தெரியாதவர்களெல்லாம் எழுதுகிறார்கள். தாய்மார்கள். வாத்தியார்கள். 'உங்களைப் போல நாலு பேர் இருந்தால்.' வாய் கசக்கிறது.

ஜனவரி 3, வெள்ளி

இன்று ஸ்டஃபானிடம் மஞ்சள் குறியைச் சொன்னேன். ஏப்ரல் ஒன்பதைச் சொன்னேன். காபி மெஷின், தோளில் தட்டியது, சிரித்தது, எல்லாவற்றையும்.

அவர் என்னைப் பார்த்த பார்வை — இருபத்தொரு வருடப் பழக்கத்தில் பார்த்ததில்லை. கோபம் இல்லை. தெருவில் தெரிந்தவர் என்று கிட்டே போய்ப் பார்த்தால் வேறு யாரோவாக இருந்தால் எப்படிப் பார்ப்போம். அப்படி.

"அந்த அம்மாவுக்குத் தெரியுமா?"

"இல்ல."

"சொல்லப் போறியா?"

"அவ என்னைக் கட்டிப் பிடிச்சா ஸ்டஃபான்."

"அதான் கேக்குறேன்" என்றார்.

ஜனவரி 4, சனி

மூன்று தடவை எண்ணைப் போட்டு, மணி அடிப்பதற்குள் வைத்தேன்.

கோழை. கோழை.

ஜனவரி 8, புதன்

போலீஸ் விசாரணை. இளம் அதிகாரி, கழுத்தில் கையால் பின்னிய மஃப்ளர், தட்டச்சு மெதுவாக. மரியாதையாகப் பேசினாள். அவள் அம்மாவும் பத்திரிகையில் என்னைப் பற்றிப் படித்தாளாம்.

"இந்த ஒலிப்பதிவை நீங்க முதல் தடவை எப்பக் கேட்டீங்க?"

அவள் விரல்கள் ஏற்கெனவே 'டிச' என்று அடித்துவிட்டிருந்தன. திரை எனக்குத் தெரிந்தது.

"ஏப்ரல் ஒன்பது" என்றேன்.

நிறுத்தினாள். "டிசம்பர்னு சொல்ல வந்தீங்களா?"

"இல்ல. ஏப்ரல். கேட்டேன், வெட்டினேன். என் குறி அதுல இருக்கு. டைரக்டர்கிட்ட எப்படி எடுத்தான்னு கேட்டேன், கேக்காதேன்னான், விட்டுட்டேன். சிரிச்சேன்னும் எழுதிக்கங்க."

எழுதிக்கொண்டாள். அதற்கப்புறம் அம்மாவைப் பற்றிப் பேசவில்லை.

வெளியே வந்து, நிலையத்துப் படியிலேயே நின்று ஷனெட்டை அழைத்தேன். உடனே எடுத்தாள், சந்தோஷக் குரலில். "சொல்லுங்க மரீக்கா!" சொன்னேன். ஒரே மூச்சில், எந்தச் சமாதானமும் சேர்க்காமல். சேர்க்க ஒன்றும் இல்லை.

அந்தப் பக்கம் பஸ் எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது.

"அப்ப ஏப்ரல்லயே நீங்க ஒரு வார்த்தை சொல்லியிருந்தா..." என்றாள். முடிக்கவில்லை. "எனக்கு டிரிப் எடுக்கணும்" என்று சொல்லி வைத்துவிட்டாள்.

ஜனவரி 19, ஞாயிறு

இரண்டாவது செய்தியும் வந்துவிட்டது. 'எடிட்டருக்கு முன்பே தெரியும்.' கடிதங்கள் நின்றுவிட்டன. ஒன்று மட்டும் வந்தது, திட்டி. அதைப் படிக்கும்போது மூச்சு விட முடிந்தது.

கோடைக்காலத்துக்குப் பேசி வைத்திருந்த படம் கைவிட்டுப் போயிற்று.

டோர்கெல் எங்கேயோ தெற்கே போய்விட்டானாம். வழக்கு நடக்குமா நடக்காதா என்று இன்னும் முடிவாகவில்லை.

பிப்ரவரி 6, வியாழன்

மரம் வெட்டும் இயந்திரக் கம்பெனிக்குப் பயிற்சிப் படம் ஒன்று வெட்டிக்கொண்டிருக்கிறேன். எண்ணெய் மாற்றுவது எப்படி. நாலு நாள் வேலை. வெளியே கடைசியில் பனி விழுந்திருக்கிறது.

மூன்று மணிக்கு ஒரு குறுஞ்செய்தி. ஷனெட். ஒரு மாதத்துக்குப் பிறகு. வணக்கம்கூட இல்லை.

'இல்வா நடிச்சதை வகுப்புல காட்டணும்கிறா. அவ கையாட்டுறது. கடைசிப் பகுதியில எத்தனாவது நிமிஷம்?'

பார்க்காமலே தெரியும். இருந்தாலும் போட்டுப் பார்த்து உறுதி செய்துகொண்டு எழுதினேன்: 'பதினொன்றாவது நிமிடம், நாற்பதாவது விநாடி.'

மன்னிப்பு, நலம் விசாரிப்பு என்று என்னென்னவோ அடியில் சேர்த்து, எல்லாவற்றையும் அழித்துவிட்டு, அதை மட்டும் அனுப்பினேன்.

கொஞ்ச நேரத்தில் பதில் வந்தது. 'சரி.'